நடுவில் வைத்த பெயர்

இரண்டாவது குழந்தைக்குப் பெயர் வைக்கப்போவது நான்தான் என்று பலகைக்காரர் சபதம் எடுத்த இடம் குளியலறை. தாழ்ப்பாள் போட்டிருந்தார். குழாயையும் திறந்து விட்டிருந்தார். தண்ணீர்ச் சத்தத்தில் தன் குரல் தனக்கே கேட்கவில்லை என்று உறுதி செய்துகொண்ட பிறகுதான் கண்ணாடியைப் பார்த்து விரலை நீட்டி, "நான்தான்!" என்றார்.

"என்னங்க, உள்ள யார்கூடப் பேசுறீங்க?" என்று வெளியிலிருந்து மனைவியின் குரல் வந்தது.

"யாரும் இல்லை. நான்தான்."

சபதத்தில் இருந்த அதே சொல்தான். ஆனால் இந்தத் தடவை சுருதி இறங்கியிருந்தது.

அவருக்குத் தொழில் பெயர்ப்பலகை செதுக்குவது. கடைத்தெரு முக்கில், தையல் கடைக்கும் சாவி வெட்டுகிற கடைக்கும் நடுவே, ஒரு ஆள் உட்கார்ந்தால் இன்னொரு ஆள் நிற்க வேண்டிய அளவுக்கு ஒரு கடை. பித்தளையிலோ மரத்திலோ கண்ணாடியிலோ, எதில் கேட்டாலும் எழுத்தைக் கண்ணில் ஒற்றிக்கொள்கிற மாதிரி செதுக்கித் தருவார். அந்த வட்டாரத்தில் அவர் கை படாத வாசல் கிடையாது. கூலி போக ஒரு இலவச இணைப்பும் உண்டு. பெயரைச் சொன்னவுடன் அதற்குப் பொருள் சொல்லிவிடுவார். வேண்டாம் என்றாலும் சொல்லுவார்.

"உங்க பேருக்கு அழகான கூந்தல் உள்ளவன்னு அர்த்தம், தெரியுமா சார்?" என்று ஒருவரிடம் பரவசமாகச் சொல்லிவிட்டு நிமிர்ந்து பார்த்தார். எதிரே நின்றவரின் தலையில் விளக்கு வெளிச்சம் பளபளவென்று ஆடிக்கொண்டிருந்தது. அந்த மனிதர் அட்வான்சைத் திரும்ப வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

அவருடைய சொந்தப் பெயருக்குப் பொருள், எவராலும் வெல்ல முடியாதவன். மனைவியின் பெயருக்குப் பொருள், பணிவு மிக்கவள். இரண்டு பேரையும் பெற்றவர்கள் ஆசைப்பட்டு வைத்த பெயர்கள். ஆசைப்பட யாருக்கும் உரிமை உண்டு.

பெரியவள் பிறந்தபோது இவர் ஆஸ்பத்திரி வாசலில் ஸ்கூட்டர் நிறுத்த இடம் தேடிக்கொண்டிருந்தார். தேடி, நிறுத்தி, பூட்டி, மாடி ஏறி வருவதற்குள் மனைவி குழந்தைக்குப் பெயர் வைத்து முடித்துவிட்டாள். பூனைக்குப் பெயர் வைத்ததும் அவள்தான். இவர் தனியாக ஒரு பெயர் வைத்துக் கூப்பிட்டுப் பார்த்தார். பூனை இவரைப் பார்த்தது, அவளைப் பார்த்தது, அவள் மடியில் போய்ச் சுருண்டுகொண்டது.

வெளியே சொல்லிக்கொள்ளவில்லையே தவிர, அது அவருக்கு உறுத்திக்கொண்டேதான் இருந்தது. ஊரார் பெயரையெல்லாம் பார்த்துப் பார்த்துச் செதுக்குகிறோம். அத்தனையும் யாரோ யாருக்கோ வைத்த பெயர்கள். தன் வாயிலிருந்து பிறந்து ஒரு உயிரோடு ஒட்டிக்கொண்டு போகிற பெயர் ஒன்றே ஒன்று வேண்டும். அதுகூடக் கிடைக்காதா ஒரு மனுஷனுக்கு? இதுதான் அவர் கவலை. நியாயமான கவலை. அதற்கு அவர் பிடித்த வழிதான் கொஞ்சம் கோணல்.

மனைவி எந்தப் பெயரைச் சொன்னாலும் பொருள் சொல்லியே கொன்றுவிடுவது. அதுதான் வழி.

"யாழினி வைக்கலாமாங்க?"

"யாழ் மாதிரி இனிமையானவ. நல்ல பேருதான். ஆனா தெருவுக்கு நாலு யாழினி இருக்கு. ‘ழ’ போட்டுப் போட்டு என் உளியே மழுங்கிடுச்சு."

"அப்போ வான்மதி?"

"வானத்து நிலா. தேயும். குழந்தை ஏற்கெனவே எடை கம்மின்னு டாக்டர் சொல்றார்."

"சரி, அபர்ணா?"

"இலையைக்கூடச் சாப்பிடாதவள்னு அர்த்தம். அம்பாள் தவம் இருந்தப்ப வந்த பேரு. இப்பவே பாட்டிலைக் கண்டா தலையைத் திருப்பிக்கிறா. இந்தப் பேரையும் வைச்சோம்னா அவ்வளவுதான்."

"தமயந்தி?"

"அடக்கி ஆள்கிறவள்." பலகைக்காரர் கொஞ்சம் தயங்கினார். "அதெல்லாம் வீட்டுக்கு ஒருத்தர் போதும்."

"என்ன சொன்னீங்க?"

"பெரியவளைச் சொன்னேன்."

இப்படியே குழந்தைக்கு ஆறு மாதம் ஆகப்போகிறது. கவிழ்ந்தது, தவழப் பார்த்தது, பூனையின் வாலைப் பிடித்து இழுத்தது. பெயர் மட்டும் வரவில்லை. பாப்பா, பாப்பா என்றே காலம் ஓடிக்கொண்டிருந்தது. ஒவ்வொரு பெயர் விழும்போதும் மனைவி ஒரு பெருமூச்சு விட்டுவிட்டு எழுந்து போவாள். சண்டை போடவில்லை. சண்டை போடாத மனைவியைப் பார்த்தால் புத்தியுள்ள புருஷன் பயப்பட வேண்டும். பலகைக்காரர் பயப்படவில்லை. நம் பக்கம் காற்று அடிக்கிறது என்று நினைத்துக்கொண்டார்.

காற்று அடிக்கத்தான் செய்தது. ஒருநாள் காலை கடையில் பித்தளைத் தகடு ஒன்றைத் துணியால் தேய்த்துக்கொண்டிருந்தபோது, கேட்காமல் கொள்ளாமல் ஒரு பெயர் அவர் மனதில் வந்து உட்கார்ந்தது.

நித்திலா.

நித்திலம் என்றால் முத்து. பழைய தமிழ்ச் சொல். அதைப் பெண்ணின் பெயராக்கி, நுனியில் ஒரு கால் போட்டுக் கொஞ்சம் நிமிர்த்திவிட்டால் நித்திலா. வாயில் சொல்லிப் பார்த்தார். இனித்தது. தகட்டில் விரலால் எழுதிப் பார்த்தார். ‘நி’யின் கொக்கியும் ‘தி’யின் கொக்கியும் அக்காவும் தங்கையுமாக நின்றன. அவருக்குக் கண் கலங்கிவிட்டது. இந்தப் பெயரை யாரும் சொல்லித் தரவில்லை. எந்த வாடிக்கையாளரும் கொண்டுவரவில்லை. என் மண்டையிலிருந்து நேராக வந்தது. என் பெயர்!

துணியைப் போட்டுவிட்டுத் தையல் கடைக்கு ஓடினார். தையல் மாஸ்டர் அவரைவிட வயதில் மூத்தவர். வாயில் எப்போதும் நாலு குண்டூசி இருக்கும். அவற்றை எடுக்காமலேயே ஆலோசனை சொல்லக்கூடியவர்.

"மாஸ்டர், கிடைச்சிடுச்சு! நித்திலா!"

மாஸ்டர் ஒரு கணம் அவரை உற்றுப் பார்த்தார். பிறகு இருமினார். குண்டூசி இருந்ததால் ஜாக்கிரதையாக இருமினார்.

"நல்ல பேரு தம்பி. எங்க புடிச்சீங்க?"

"தானா வந்துச்சு மாஸ்டர். உள்ளேர்ந்து வந்துச்சு."

"சரிதான். ஆனா வீட்டுல எப்படிச் சொல்லப்போறீங்க? அவங்க சொன்ன பேரையெல்லாம் வரிசையா வெட்டிப் போட்டுட்டீங்க. இப்ப நீங்க ஒண்ணைச் சொன்னா சும்மா விடுவாங்களா?"

பலகைக்காரரின் முகம் தொங்கியது. வாஸ்தவம்தான். கொன்ற பெயர்களெல்லாம் ஆவியாகச் சூழ்ந்து நிற்கும். ஆனால் அடுத்த நிமிஷமே முகம் பளிச்சென்று ஆனது.

"மாஸ்டர், மூணு மாதிரி!"

அது என்னவென்று சொல்லிவிட வேண்டும். பலகை செய்யக் கொடுக்க வருகிறவர்களில் பாதிப் பேருக்கு எந்த எழுத்து வேண்டும் என்று தெரியாது. நாள் முழுக்க நின்று குழம்புவார்கள். அவர்களுக்காகவே பலகைக்காரர் மேஜையில் மூன்று மாதிரி வைப்பார். இடது பக்கம் தடித்தடியாக, கோட்டை வாசலுக்கு மாட்டுகிற மாதிரி ஒன்று. வலது பக்கம் எறும்பு ஊர்ந்த மாதிரி ஒன்று. நடுவில், அவர் செதுக்க ஆசைப்படுகிற எழுத்து. வைத்துவிட்டு அவர் எதுவும் பேச மாட்டார். வந்தவர் அதைப் பார்ப்பார், இதைப் பார்ப்பார், நடுவில் இருப்பதைத் தொட்டு, "இதுதான் எனக்குப் புடிச்சிருக்கு," என்பார். தன் ரசனைக்குத் தானே சபாஷ் போட்டுக்கொண்டு போவார்.

இதில் ஒரே ஒரு விதி உண்டு. செதுக்கித் தர மனசில்லாத மாதிரியை மேஜையில் வைக்கவே கூடாது. எங்காவது ஒரு வில்லங்கம் பிடித்தவர் அதையே கேட்டுவிட்டால் வம்பு. இந்த விதியைக் கல்யாணமான புதிதில், கடையில் வாடிக்கையாளர்களைக் கவனித்துக்கொண்டிருந்த தன் மனைவிக்கு அவரே சொல்லிக் கொடுத்திருக்கிறார். மூன்று மாதிரி வைப்பதில் அவள் அவரையே மிஞ்சிவிட்டாள் என்பது அந்தக் காலத்துச் செய்தி. அதைப் பலகைக்காரர் சமயத்தில் மறந்துவிட்டார்.

அன்று சாயங்காலம் மனைவி சமையலறையில் காய் நறுக்கிக்கொண்டிருந்தாள். பாப்பா தரையில் கரண்டியோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தது. பலகைக்காரர் தொண்டையைச் செருமினார்.

"இந்தா, நானே மூணு பேர் யோசிச்சு வைச்சிருக்கேன். எதுவா இருந்தாலும் உன் இஷ்டம். நான் வாயே திறக்க மாட்டேன்."

"அட! நீங்களா? சொல்லுங்க."

"முதல் பேரு, செந்தாமரைச்செல்வநாயகி."

கத்தி நின்றது. "இன்னொரு தடவை சொல்லுங்க?"

"செந்தாமரை, செல்வம், நாயகி. செந்தாமரையில உட்கார்ந்திருக்கிற செல்வத்துக்கெல்லாம் தலைவி. ஒவ்வொரு துண்டுக்கும் பொருள் இருக்கு."

"சரி. ரெண்டாவது?"

"நித்திலா," என்றார், நாளைக்கு மழை வரும்போல இருக்கு என்கிற குரலில். "முத்துன்னு அர்த்தம். சாதாரணப் பேருதான். பெருசா ஒண்ணும் இல்லை."

"மூணாவது?"

"ஸ்க்ரித்விகா."

"அதுக்கு என்ன அர்த்தம்?"

"அர்த்தம்னு ஒண்ணும் கிடையாது. நானே சேர்த்தேன். இப்பல்லாம் அப்படித்தான் வைக்கிறாங்க. கூப்பிடும்போது எதிர்ல நிக்கிறவங்க கொஞ்சம் தள்ளி நிக்கணும், அவ்வளவுதான்."

மனைவி கத்தியைக் கீழே வைத்தாள். கையைத் துடைத்துக்கொண்டாள். கன்னத்தில் விரல் வைத்து யோசித்தாள். பலகைக்காரர் உத்தரத்தைப் பார்த்துக்கொண்டு, நடுப்பெயர் வரப்போகிற அந்தப் பொன்னான வினாடிக்காகக் காத்திருந்தார்.

"முதல் பேரே இருக்கட்டுங்க," என்றாள் மனைவி.

"எது?"

"செந்தாமரைச்செல்வநாயகி. அடேயப்பா, என்ன கம்பீரம்! இத்தனை நாளா உங்களுக்குப் பேர் ரசனையே இல்லைன்னு நினைச்சிட்டிருந்தேன். நான் பாவி."

"இல்லை... அது கொஞ்சம் நீளம்..."

"நீளமா இருந்தா என்ன? நம்ம பொண்ணு குட்டையாவா வளரப்போறா? உங்க இஷ்டம்னா அது என் இஷ்டம்தான்." கல்யாணத்துக்குப் பிறகு இந்த வாக்கியத்தை அவள் சொல்லிக் கேட்பது அவருக்கு இதுதான் முதல் தடவை. அதை அனுபவிக்கிற நிலையில் அவர் இல்லை.

"நல்லா யோசிச்சுச் சொல்லு. நடுவுல ஒண்ணு சொன்னேனே..."

"அதுவா? நீங்களே சாதாரணம்னு சொன்னீங்களே. நம்ம குழந்தைக்குப் போய்ச் சாதாரணப் பேரா?"

அந்த வாரம் பலகைக்காரருக்கு ஏழரை வாரமாக இருந்தது. மனைவி அம்மாவுக்குப் போன் பண்ணி, "அம்மா, அவரே பேர் வைச்சிட்டாரு!" என்று பூரித்தாள். அந்தப் பக்கத்தில் மாமியார் ஆனந்தக் கண்ணீர் விடுவது இந்தப் பக்கம் வரை கேட்டது. பெரியவள் தங்கச்சி பெயரை எழுதிப் பழகினாள். ‘செல்வ’ வரும்போதே வரி தீர்ந்துபோய், நாயகி அடுத்த பக்கத்தில் தனியாக நின்றாள். கூப்பிட்டுப் பழக வேண்டும் என்று மனைவி தொட்டிலருகே நின்று முழுப் பெயரையும் ராகத்தோடு சொன்னாள். பெயர் முடிவதற்குள் பாப்பா தூங்கிவிட்டது.

கடைக்குப் போனால் தையல் மாஸ்டர் டேப்போடு காத்திருந்தார்.

"தம்பி, பாப்பா சட்டையில பேரை எம்பிராய்டரி பண்ணச் சொல்லி உங்க வீட்டம்மா சொல்லிட்டுப் போனாங்க. அளந்து பார்த்தேன். முன்னாடி ஆரம்பிச்சா முதுகைச் சுத்தி வந்து கையில முடியுது. என்ன பண்ணட்டும்?"

"தைக்காதீங்க மாஸ்டர். ஒரு நாள் பொறுங்க."

"நான் பொறுப்பேன். பாப்பா வளர்ந்துடும். பேர் அப்ப சரியா இருக்கும்."

பதிவு அலுவலகத்திலிருந்து வேறு சேதி வந்திருந்தது. வெள்ளிக்கிழமைக்குள் பெயரைப் பதிந்தாக வேண்டும். பலகைக்காரருக்குச் சோறு இறங்கவில்லை. கண்ணை மூடினால், அவர் மகள் வளர்ந்து பெரியவளாகி, ஏதோ ஒரு கவுன்டரில் நின்றுகொண்டு, "எழுதிக்கோங்க, செந்தாமரை... ஆச்சா? செல்வ... ஆச்சா?" என்று சொல்லிக்கொண்டிருந்தாள். பின்னால் வரிசை நீண்டுகொண்டே போனது. வரிசையில் நின்ற எல்லாரும் யார் வைச்ச பேரு என்று கேட்டார்கள். அவள் திரும்பி இவரைக் கை காட்டினாள்.

வியாழக்கிழமை அவர் சரணடைந்தார். மனைவி துணி மடித்துக்கொண்டிருந்தாள். எதிரே போய் உட்கார்ந்து, தானும் ஒரு துண்டை எடுத்து மடிக்க ஆரம்பித்தார். அதிலேயே அவளுக்கு விஷயம் புரிந்திருக்க வேண்டும். அவர் துண்டு மடித்ததாகச் சரித்திரம் கிடையாது.

"எனக்கு அந்தப் பேர் வேண்டாம்."

"எந்தப் பேர்?"

"நாயகி."

"முழுசா சொல்லுங்க, பொண்ணு பேரு."

"முழுசா சொல்ல மூச்சு இல்லை. எனக்கு நித்திலாதான் வேணும். நிஜத்தைச் சொல்லிடுறேன். மத்த ரெண்டும் சும்மா பக்கத்துல வைச்சது. நடுவுல இருந்ததுதான் என் பேரு. என் மனசுலேர்ந்து தானா வந்த பேரு. ஒரே ஒரு பேர் நான் வைச்சுக்கிறேனே. பூனைக்குக்கூட நான் வைக்கலை."

கடைசி வாக்கியத்தில் குரல் நிஜமாகவே கம்மிவிட்டது. மனைவி துணியிலிருந்து தலையைத் தூக்கி அவரைப் பார்த்தாள். ஏதோ சொல்ல வந்தவள் மாதிரி உதட்டைத் திறந்து, மூடிக்கொண்டாள். பிறகு முந்தானையை எடுத்துக் கண்ணில் வைத்துக்கொண்டாள்.

"எனக்கு ஒண்ணும் இல்லைங்க. ஆனா அம்மா எவ்வளவு ஆசையா இருக்காங்க! பேரைக் கேட்டதுலேர்ந்து அங்க எல்லார்கிட்டயும் சொல்லிட்டாங்க. இப்ப மாத்திட்டோம்னா அவங்க மனசு என்ன பாடுபடும்?"

"அவங்களைச் சமாதானப்படுத்திக்கலாம்."

"எப்படி? போன்லயா?"

பலகைக்காரர் யோசித்தார். கடைசியில் அவர் வாயாலேயே வந்தது.

"வேணும்னா... இங்க வந்து கொஞ்ச நாள் இருக்கச் சொல்லு."

"வந்தா எங்கங்க தங்குவாங்க? நமக்கும் பிள்ளைகளுக்கும் ரெண்டு அறை. மூணாவது உங்க அறை."

அவருடைய அறை என்பது ஒரு கட்டில், ஒரு காற்றாடி, ஒரு வானொலி. ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் கதவைச் சாத்திக்கொண்டு அவர் அரசாட்சி நடத்துகிற ஒரே ராஜ்ஜியம். கண்ணை மூடிக்கொண்டார்.

"அதுல தங்கட்டும்."

"ஐயோ, வேண்டாங்க. நீங்க கஷ்டப்படுவீங்க. நாயகியே இருந்துட்டுப் போகட்டும்."

"தங்கட்டும்னு சொல்றேன்ல! எவ்வளவு நாள் வேணும்னாலும் தங்கட்டும்!"

"நீங்க இவ்வளவு சொல்லும்போது நான் என்ன சொல்றது," என்று மூக்கை உறிஞ்சினாள் மனைவி. "ஒரே ஒரு பயம்தான். வர்றவங்க போறவங்ககிட்டயெல்லாம் நீங்க பேருக்குப் பொருள் சொல்லுவீங்க. அம்மா பேருக்கும் சொல்லுவீங்க. அவங்களுக்குப் புடிக்காது."

மாமியாரின் பெயருக்குப் பொருள் மெல்ல நடப்பவள். ஒரு தடவை அதைச் சொன்னதற்காக மாமியார் இவரோடு நெடுநாள் பேசவில்லை. அந்த நாட்களைப் பலகைக்காரர் இன்றும் நன்றியோடு நினைத்துக்கொள்வார்.

"சொல்ல மாட்டேன். யார் பேருக்கும் சொல்ல மாட்டேன். போதுமா?"

"வெளியில எங்கேயும்?"

"எங்கேயும்."

"சரிங்க. நித்திலாவே வைச்சிடலாம்," என்றாள் மனைவி. மனசைக் கல்லாக்கிக்கொண்ட மாதிரி ஒரு முகம் வைத்துக்கொண்டு, மடித்த துணியை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். உள்ளே போன பிறகு அவள் தோள் குலுங்கியது. அழுகிறாள் என்று நினைத்துப் பலகைக்காரருக்குக் கஷ்டமாகிவிட்டது.

கஷ்டம் கொஞ்ச நேரம்தான். பிறகு மார்பு விரிந்தது. ஜெயித்துவிட்டோம்! அறை போனால் போகட்டும். பொருள் சொல்கிற சுகமும் போகட்டும். பெயர் என்னுடையது. எழுந்து போய்ப் பூனையைப் பார்த்துக்கூட ஒரு சிரிப்பு சிரித்தார்.

வெள்ளிக்கிழமை காலை சலவைச் சட்டை போட்டுக்கொண்டு பதிவு அலுவலகத்துக்குப் போனார்கள். மனைவி இடுப்பில் பாப்பா. பெரியவள் பள்ளிக்கூடம் போயிருந்தாள். கண்ணாடித் தடுப்புக்குப் பின்னால் ஒரு அதிகாரி அம்மா உட்கார்ந்திருந்தார். ஒரு தடவையாவது சிரித்திருப்பார் என்று சொல்ல முடியாத முகம். மார்பில் குத்தியிருந்த பெயர் அட்டையைப் பார்த்தார் பலகைக்காரர். அழகாகச் சிரிப்பவள் என்று பொருள். வாய்வரைக்கும் வந்துவிட்டது. மனைவி திரும்பி ஒரு பார்வை பார்த்தாள். விழுங்கிக்கொண்டார். விழுங்கினது தொண்டையிலேயே நின்றது.

"குழந்தை பேர்?"

"நித்திலா," என்றார். ஹாலில் இருந்த எல்லாருக்கும் கேட்டது. "நான் வைச்ச பேரு மேடம். நானே யோசிச்சு வைச்சது."

அதிகாரி அம்மா எழுதுவதை நிறுத்தினார். பெயரை ஒரு தடவை வாய்க்குள் சொல்லிப் பார்த்தார். பிறகு கண்ணாடித் தடுப்பின் ஓட்டை வழியாகக் குனிந்து, "நித்திலா!" என்று கூப்பிட்டார்.

அம்மாவின் தாலிச்சங்கிலியைச் சப்பிக்கொண்டிருந்த பாப்பா சட்டென்று தலையைத் திருப்பியது. குரல் வந்த பக்கம் பார்த்து, இரண்டு காலையும் உதறி, பொக்கை வாயைத் திறந்து சிரித்தது. அதைப் பார்த்து அந்த அதிகாரி அம்மாவும் சிரித்துவிட்டார். நிஜமாகவே அழகான சிரிப்பு.

"இன்னிக்குத்தான் பேர் வைக்கிறீங்களா சார்? ரொம்ப நாள் பழகின மாதிரி திரும்புறாளே!"

"அதுதான் மேடம் பேரோட சக்தி," என்றார் பலகைக்காரர். "சரியான பேரா இருந்தா உயிர் தானா அடையாளம் கண்டுக்கும்." வேலையெல்லாம் முடிந்து வெளியே வந்து படியில் இறங்கும்போதும் அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தார். "பார்த்தியா? முதல் தடவை கூப்பிட்டதுமே திரும்பிட்டா! ஒரே தடவை!"

"திரும்பாம என்னங்க செய்வா," என்றாள் மனைவி, பாப்பாவை இந்த இடுப்பிலிருந்து அந்த இடுப்புக்கு மாற்றிக்கொண்டே. "பிறந்ததுலேர்ந்து அப்படித்தானே கூப்பிடுறோம்."

பலகைக்காரரின் கால் அடுத்த படிக்குப் போகாமல் அந்தரத்தில் நின்றது.

"யார் கூப்பிடுறது?"

"நான். பெரியவ. போன்ல எங்கம்மா. தையல் மாஸ்டர்கூட அப்படித்தான் கூப்பிடுவாரு. நீங்க இருக்கும்போது மட்டும் பாப்பான்னு சொல்லுவோம்."

"மாஸ்டருமா? அவர் என் ஆளாச்சே!"

"என் ஜாக்கெட் தைக்கிறவர் எப்படிங்க உங்க ஆளாவாரு?"

"ஆனா அது என் பேரு! தானா வந்துச்சு! பித்தளையைத் தேய்ச்சிட்டிருக்கும்போது மனசுக்குள்ள..."

"விடியக்காலையில பால் கொடுக்கிறப்ப தினமும் பேர் சொல்லிக் கொஞ்சிக்கிட்டுத்தான் கொடுப்பேன். நீங்க பக்கத்துல வாயைத் திறந்துக்கிட்டுத் தூங்கிட்டிருப்பீங்க. காது மட்டும் முழிச்சிருக்கு போல."

பலகைக்காரர் அப்படியே படியில் உட்கார்ந்துவிட்டார். போவோர் வருவோர் அவரைச் சுற்றிக்கொண்டு போனார்கள். மனைவியும் பக்கத்தில் உட்கார்ந்து பாப்பாவை அவர் மடியில் வைத்தாள்.

"முன்னாடியே என்கிட்டச் சொல்லியிருக்கலாமே," என்றார் அவர், உடைந்த குரலில்.

"சொல்லியிருந்தா என்ன பண்ணியிருப்பீங்க? முத்துன்னா சிப்பிக்குள்ள அடைஞ்சு கிடக்கும், வெளியில வர கூச்சப்படும், வேண்டாம்னு சொல்லியிருப்பீங்க."

சிப்பிதான் இப்போது அவர் ஞாபகத்துக்கும் வந்தது.

"எனக்கு இந்தப் பேர் வேணும். உங்களுக்கு நீங்க பேர் வைக்கணும்," என்றாள் அவள். இந்தத் தடவை குரலில் நடிப்பு இல்லை. "நீங்க எவ்வளவு ஆசைப்பட்டீங்கன்னு எனக்குத் தெரியாதா? அதான் உங்க வாயால வரட்டும்னு காத்துக்கிட்டிருந்தேன். வந்துச்சு. இனிமே அவ யார் வைச்ச பேருன்னு கேட்டா அப்பா வைச்சதுன்னுதான் சொல்லுவேன். சத்தியமா."

பாப்பா அவருடைய கட்டை விரலைப் பிடித்துக்கொண்டு நிமிர்ந்து பார்த்தது. "நித்திலா," என்றார் மெதுவாக. அது சிரித்தது. யார் வைத்தால் என்ன, தன் மகள் தன் குரலுக்கும் திரும்புகிறாள். அவருக்கு உள்ளே ஏதோ குளிர்ந்தது. கோபத்தை எங்கே வைத்தோம் என்று தேடிப் பார்த்தார். அகப்படவில்லை.

அகப்பட்டது வேறொன்று. பெயர் முன்னாலேயே முடிவான விஷயம் என்றால், அதற்காக நேற்று அவர் விட்டுக்கொடுத்ததெல்லாம்? முகம் மெல்லத் தெளிந்தது. முதுகு நிமிர்ந்தது.

"அப்படின்னா ஒண்ணு. பேரை மாத்துறதுக்காகத்தானே உங்கம்மாவை வரச் சொன்னேன்? மாத்தவே இல்லைன்னா அந்தப் பேச்சே செல்லாது. இப்பவே போன் பண்ணி, கிளம்ப வேண்டாம்னு சொல்லிடு."

மனைவி பாப்பாவை வாங்கி இடுப்பில் வைத்துக்கொண்டு எழுந்தாள்.

"அவங்க டிக்கெட் எடுத்து ஒரு மாசம் ஆச்சுங்க."